பச்சை மரத்தில் போட்ட போல்ட்

இருநூறு கிலோ. ஒரு சதுர மீட்டருக்கு இருநூறு கிலோ. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், மற்றதெல்லாம் பிறகு.

வீட்டோடு சேர்த்து மரத்தில் டெக், அதாவது திறந்த மேல்தளம், கட்டுகிறவன் அந்தப் பாரத்தைத் தாங்கும்படி கட்ட வேண்டும். ஆறு மீட்டர் நீளம், நாலு மீட்டர் அகலம் என்றால் இருபத்து நாலு சதுர மீட்டர். அதாவது நாலாயிரத்து எண்ணூறு கிலோ. ஆளுக்கு எண்பது கிலோ என்று வைத்தாலும் அறுபது பேர் ஏறி நிற்கலாம், ஆடலாம், பாடலாம். எரோல் பிட்குட் வீட்டு டெக் விழுந்தபோது அதன் மேல் இருந்தது முப்பத்தொரு பேர். மறுநாள் செய்தித்தாள் 'அளவுக்கு மீறிய கூட்டம்' என்று எழுதியது. எது நடந்தாலும் பழி கூட்டத்தின் தலையில்தான். எழுதினவன் தளத்தை அளக்கவும் இல்லை, ஆளை எண்ணவும் இல்லை.

அது பொய் என்று ஊரில் முதலில் தெரிந்தவன் ராய்ஸ் ஸாநோ. அந்த டெக்கைக் கட்டியவன் அவன்தான். கீழே நசுங்கிச் செத்தவள் அவனுடைய தங்கை நோலீன்.

பிரிஸ்பேனுக்கு வடக்கே, மேரி ஆற்றங்கரையில் எங்கள் ஊருக்கு மில்தான் எல்லாம். மரம் அறுக்கும் மில். ராய்ஸின் அப்பா காட்டிலிருந்து லாரியில் மரம் ஏற்றி வருகிறவர். 1961இல் சங்கிலியை அவிழ்க்கும்போது மேல்கட்டை உருண்டு அவர் மேல் விழுந்தது. ராய்ஸுக்குப் பதின்மூன்று வயது, நோலீனுக்கு எட்டு. அம்மா மருத்துவமனைச் சலவைக்கூடத்தில் விடியுமுன் வேலைக்குப் போவாள். தங்கைக்குத் தலை வாரி, ரொட்டியில் வெஜிமைட் தடவிக் காகிதத்தில் சுற்றிக் கொடுத்து, பள்ளிக்கூட வாசல்வரை கொண்டுபோய் விட்டது அண்ணன்தான். பதினாலில் அவன் படிப்பை விட்டுவிட்டு மில்லில் தச்சுப் பிரிவில் சேர்ந்தான். நோலீன் பதினேழாவது வயதுவரை படித்தாள். வீட்டில் ஒருவர் படிக்க ஒருவர் மரம் தூக்க வேண்டியிருந்தது, அவ்வளவுதான். இதை அவன் ஒருநாளும் சொல்லிக் காட்டியதில்லை.

நல்ல தச்சன். அதிகம் பேசாதவன். சங்கத்தில் தச்சுப் பிரிவுக்குப் பிரதிநிதி. கூட்டத்தில் எழுந்து பேசச் சொன்னால் மூன்று வாக்கியத்தில் முடித்துவிடுவான். ஆனால் அவன் கை தூக்கினால் பின்னால் நாற்பது கை உயரும். அப்படி ஒரு நம்பிக்கை அவன் மேல்.

மில்லில் ஒரு வழக்கம் இருந்தது. இருபது வருஷம் முடித்தவனுக்கு ஒரு கட்டு மரம் இனாம். நல்ல ஸ்பாட்டட் கம், யூகலிப்டஸ் வகை, ரம்பத்திலிருந்து அப்போதுதான் இறங்கின பச்சை மரம். அதை வைத்து எல்லாரும் டெக் கட்டினார்கள். எங்கள் ஊர் வீடுகள் கட்டைக் கால் மேல் ஏறி நிற்கிறவை. தரைக்கும் தளத்துக்கும் நடுவே ஒரு ஆள் கை தூக்கி நிற்கலாம். அந்த உயரத்தில், ஆற்றைப் பார்த்து ஒரு டெக் போட்டு, சாயங்காலம் கால் நீட்டி உட்கார்ந்தால்தான் இருபது வருஷம் உழைத்தவன் என்று அர்த்தம். ஊரில் அப்படி நாற்பத்தொரு டெக் கட்டினான் ராய்ஸ். கூலி கிடையாது. சனிக்கிழமை பத்துப் பேர் கூடுவோம், சாயங்காலத்துக்குள் முடித்துவிடுவோம்.

பச்சை மரத்துக்கு ஒரு குணம். கல் மாதிரி இருக்கும், ஆனால் காயக் காய வற்றும். இரண்டு கோடை போனால் இரண்டு அங்குலச் சட்டம் மூன்று மில்லிமீட்டர் மெலிந்துவிடும். மரம் மெலியும், போல்ட் மெலியாது. இறுக்கிப் போட்ட நட்டு தளர்ந்து நிற்கும். வீட்டுச் சுவரோடு டெக்கைப் பிடித்திருக்கிற சட்டத்தில் இது நடந்தால் சுவருக்கும் சட்டத்துக்கும் நடுவே ஒரு இடுக்கு விழும். மழைத் தண்ணீர் அதில் இறங்கி நிற்கும். ஸ்பாட்டட் கம்முக்கு ஒன்றும் ஆகாது. பின்னால் இருக்கிற வீட்டுச் சட்டம் பழைய பைன். அதுதான் உளுக்கும்.

ஆகவே ராய்ஸ் தான் கட்டிய ஒவ்வொரு டெக்குக்கும் இரண்டாவது கோடை முடிந்ததும் ஸ்பேனரோடு திரும்பி வருவான். அடியில் போய் ஏணி போட்டு ஒவ்வொரு நட்டையும் முறுக்குவான். ஒன்றரைச் சுற்று, சிலது இரண்டு. முடித்ததும் உத்திரத்தில் சுண்ணக்கட்டியால் தேதி எழுதுவான். வீட்டுக்காரன் தொடக்கூடாது. "என் போல்ட்ட நான்தான் முறுக்குவேன்" என்பான். ஊரில் இது வழக்கமாகவே ஆகிவிட்டது. யாரும் தன் டெக்கின் நட்டைத் தொடுவதில்லை. ராய்ஸ் வருவான், பார்த்துக்கொள்வான். ஏணிக்குப் பக்கத்தில் அவனுக்கு ஒரு பீர் பாட்டில் வைத்திருப்பார்கள்.

நோலீன் கட்டியது எரோல் பிட்குட்டை. பெரிய ரம்பத்தில் வேலை செய்கிறவன். சிரித்த முகம், வாயாடி. அவனுக்கு இருபது வருஷம் முடிந்தது 1990இல். அந்த செப்டம்பரில் ஒரு சனிக்கிழமை அவன் வீட்டு டெக் எழும்பியது. தங்கை வீடு என்பதால் ராய்ஸ் எட்டு போல்ட் போதும் என்கிற இடத்தில் பன்னிரண்டு போட்டான்.

"எதுக்குடா பன்னெண்டு? யானை கட்டப் போறானா?" என்று கேட்டான் நக்கெட். நக்கெட் சங்கச் செயலாளர், குள்ளம், வாய் மட்டும் ஆறடி.

"எரோல் வாய் ஒண்ணுக்கே நாலு போல்ட்டு வேணும்" என்றான் ராய்ஸ்.

"கேட்டியா நோலீன், உங்கண்ணன் ஜோக்கடிக்கிறான். இந்த வருஷத்துக்கு இது ஒண்ணுதான், எழுதி வச்சுக்கோ!" என்றான் எரோல்.

வேலை முடிந்ததும் சோதனை. வந்தவன் எல்லாரும் பீர் பீப்பாயைத் தூக்கிக்கொண்டு மேலே ஏறி ஒரே நேரத்தில் மூன்று தடவை குதிக்க வேண்டும். பதினாலு பேர் குதித்தோம். டெக் முனகக்கூட இல்லை. கீழே நின்று உத்திரத்தில் கை வைத்துப் பார்த்துக்கொண்டிருந்த ராய்ஸ் தலையை மட்டும் ஆட்டினான். நோலீன் ஓடிவந்து அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். "ச்சீ, விடு கழுத, எல்லாரும் பாக்கறாங்க" என்றான். காது சிவந்துவிட்டது.

அந்த டெக்கை முறுக்க வேண்டிய மாதம் 1992 மார்ச்.

அந்த ஜனவரியில் வேலைநிறுத்தம் தொடங்கியது. ரம்பத்துக்கு மூன்று ஆள் நிற்கிற இடத்தில் இரண்டு ஆள் போதும் என்றது நிர்வாகம். இரண்டு ஆள் நின்றால் யாருடைய கை போகும் என்று எங்களுக்குத் தெரியும். வெளியே வந்தோம். பதினொரு வாரம். எட்டாவது வாரம் திங்கட்கிழமை காலையில் எரோல் பிட்குட் சாப்பாட்டு டப்பாவோடு வாசலைத் தாண்டி உள்ளே போனான். எங்கள் யார் முகத்தையும் பார்க்கவில்லை. அவனோடு சேர்த்து ஆறு பேர். அந்த ஆறு பேரை வைத்து அவர்கள் ஒரு ரம்பத்தை ஓட்டினார்கள். பதினோராவது வாரம் நாங்கள் தோற்று உள்ளே போனோம். அடுத்த ஆகஸ்டில் இரண்டு ஆள் வேலையில் ஒருவனுக்கு நாலு விரல் போயிற்று.

சங்கக் கூட்டத்தில் நக்கெட் தீர்மானம் கொண்டுவந்தான். "கருங்காலிங்களோட பேச்சு கெடையாது. அவனுங்க வீட்டுக்குப் போறது கெடையாது. அவனுங்க வீட்டு வேலைய ஒருத்தனும் தொடக்கூடாது. யார் வழிமொழியறீங்க?"

ஆறு பேரில் ஒருவன் யாருடைய மைத்துனன் என்று எல்லாருக்கும் தெரியும். எல்லாரும் ராய்ஸைப் பார்த்தார்கள். ராய்ஸ் கை தூக்கினான். பின்னால் நாற்பது கை உயர்ந்தது. தீர்மானம் நியாயமானதுதான். ஒற்றுமையை உடைத்தவனுக்கு விலை உண்டு என்று தெரியாவிட்டால் சங்கம் எதற்கு? ஆனால் தீர்மானத்தில் எவ்வளவு காலம் என்று யாரும் எழுதவில்லை. அது அன்றைக்கு யாருக்கும் தோன்றவில்லை.

ஏப்ரலில் நோலீன், ராய்ஸின் மனைவி பெரிலைத் தேடி வந்தாள். பெரில் கொடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். ராய்ஸ் வீட்டுக்கு வந்ததும் பெரில் சொன்னாள்:

"நோலீன் வந்தா. டெக்க முறுக்கணுமாம்."

"அவன் வீட்ல ஸ்பேனர் இல்லையாமா?"

"எரோல் தொட மாட்டேங்கறானாம். 'கட்டுனவன் வரட்டும், இல்லாட்டி கெடக்கட்டும்'னு உக்காந்துட்டானாம்."

"அப்ப கெடக்கட்டும்."

"அவ உன் தங்கச்சி, ராய்ஸ்."

"அது அவன் வீடு."

அன்றோடு பேச்சு முடிந்தது. பெரில் மறுபடி கேட்கவில்லை. அவளும் மில் ஊர்ப் பெண்தான், எதற்கு எவ்வளவு தூரம் கேட்கலாம் என்று தெரிந்தவள்.

அண்ணனும் தங்கையும் தெருவில் எதிர்ப்பட்டால் தலையசைப்பார்கள். தீர்மானத்தில் மனைவிமார் பற்றி ஒன்றுமில்லை. ஆனால் நோலீன் புருஷனை விட்டுத் தனியாக அண்ணன் வீட்டுப் படி ஏற மாட்டேன் என்றாள். அவளும் ஸாநோதானே. 1996இல் அம்மா செத்தபோது குழிக்கு இந்தப் பக்கம் ராய்ஸும் பெரிலும், அந்தப் பக்கம் எரோலும் நோலீனும். மண் போட்டு முடித்துத் திரும்பும்போது நோலீன் அவன் அருகே வந்து நின்றாள்.

"டெக் ஆடுது ராய்ஸ். கதவுகிட்ட கால வச்சா கண்ணாடி கிலுகிலுங்குது."

ராய்ஸ் தொப்பியைக் கையில் வைத்துச் சுற்றிக்கொண்டிருந்தான். அந்த வார்த்தை அவனுக்குள் எங்கே போய் உட்கார்ந்தது என்பதை அவன் பதினைந்து வருஷம் கழித்துத்தான் சொன்னான். அன்றிரவு முழுக்க மனதுக்குள் அந்த டெக்கின் அடியில் நின்றிருக்கிறான். இடுக்கு எவ்வளவு இருக்கும், தண்ணீர் எதுவரை போயிருக்கும், இப்போது முறுக்கினால் போதுமா, சட்டத்தையே மாற்ற வேண்டுமா. எல்லாக் கணக்கும் போட்டு முடித்தான். காலையில் எழுந்து வேலைக்குப் போய்விட்டான்.

2001இல் மில்லே மூடிவிட்டது. நிரந்தரமாக. வேலைநிறுத்தம் செய்தவனும் செய்யாதவனும் ஒரே வரிசையில் நின்று கடைசிக் காகிதத்தில் கையெழுத்துப் போட்டார்கள். அதன்பிறகு தீர்மானம் தானாகச் செத்தது. இரண்டு வருஷத்தில், புல்தரையில் பந்து உருட்டி ஆடும் பௌல்ஸ் கிளப்பில் நக்கெட்டே போய் எரோலுக்குக் கை கொடுத்தான். "சாகறதுக்குள்ள உன்ன ஒருதடவ பௌல்ஸ்ல தோக்கடிக்கணும்டா கருங்காலி" என்றான். எரோல் அழுதுவிட்டான். அதே அறையில் மூலை மேசையில் ராய்ஸ் உட்கார்ந்திருந்தான். எழுந்து போய்விட்டான்.

"தீர்மானம் போட்டவனே விட்டுட்டேன், நீ என்னடா இன்னும் தூக்கிட்டுத் திரியற?" என்று நக்கெட் மறுநாள் கேட்டான்.

"நீ போட்ட. நான் கை தூக்கினேன்" என்றான் ராய்ஸ்.

மற்ற ஐந்து பேர் வீட்டு டெக்கும் அப்படித்தான் கிடந்ததா என்று கேட்கலாம். அந்த ஐந்தில் மூன்று பேர் இருபது வருஷம் முடிக்கவேயில்லை, அவர்களுக்குக் கட்டும் கிடையாது டெக்கும் கிடையாது. இரண்டு பேருடையதை ராய்ஸ் வேலைநிறுத்தத்துக்கு முன்பே முறுக்கித் தேதி எழுதியிருந்தான். விட்டுப்போனது ஒன்றே ஒன்று.

2010 அக்டோபர். நோலீனின் மகள் டேனிகாவுக்கு நிச்சயம் ஆயிற்று. சனிக்கிழமை மதியம் விருந்து. அந்த வாரம் செவ்வாய்க்கிழமை நோலீன், வேலைநிறுத்தத்துக்குப் பிறகு முதல்முறையாக, அண்ணன் வீட்டுக்குள் வந்தாள். நேராகப் பின்கட்டில் அவன் ஷெட்டுக்குப் போனாள். அவன் கதவு ஒன்றுக்குக் கீல் போட்டுக்கொண்டிருந்தான். கையிலிருந்த திருகாணிகளைக் கீழே போட்டுவிட்டான்.

"கிழவனாயிட்ட" என்றாள்.

"நீ மட்டும்?"

"நான் அம்பத்தேழு. நீ அறுவத்ரெண்டு. நீதான் கிழவன்." ஒரு பெட்டியின் மேல் உட்கார்ந்தாள். "சனிக்கிழம வர்றியா?"

அவன் தரையில் திருகாணிகளைப் பொறுக்க ஆரம்பித்தான்.

"ராய்ஸ், ஒண்ணு சொல்றேன், கேட்டுட்டு அப்புறம் பொறுக்கு. அன்னிக்கு எரோல் உள்ள போனான்ல. அவனா போகல. நான்தான் போகச் சொன்னேன். டேனிகாவுக்கு ஏழு வயசு, மூச்சுத் திணறல், ரெண்டு தடவ பிரிஸ்பேன் கொண்டுபோனோம், ஞாபகமிருக்கா? போகலேன்னா நான் புள்ளையத் தூக்கிட்டுப் போயிடுவேன்னு சொன்னேன். மூணு நாள் அவன் சாப்டல. அப்புறம் போனான். யார்கிட்டயும் சொல்லக்கூடாதுன்னு என்கிட்ட சத்தியம் வாங்கிட்டான். தன் பேரு கெட்டாலும் என் பேரு கெடக்கூடாதாம்."

ராய்ஸ் குனிந்தபடியே இருந்தான்.

"ஏன் என்கிட்ட வரல?" என்றான் கடைசியில். "எங்கிட்ட கேட்டிருந்தா..."

"நீ அப்ப மில் வாசல்ல கொடி புடிச்சு நின்னுட்டிருந்த. உன்கிட்ட எப்படிக் கேப்பேன்?"

வெளியே யாரோ புல் வெட்டும் சத்தம். நோலீன் எழுந்தாள்.

"சாப்பிட வராட்டியும் பரவால்ல. அந்த நட்ட மட்டும் வந்து முறுக்கிக் குடு. முப்பது பேர் வர்றாங்க, எனக்கு பயமா இருக்கு."

"வெள்ளிக்கிழம வர்றேன்" என்றான் ராய்ஸ்.

அவள் அவன் கன்னத்தில் தட்டினாள். "எரோல்கிட்ட நான் சொல்லல. நீ வந்து நின்னா அவனே எறங்கி வருவான் பாரு."

வெள்ளிக்கிழமை நாலு மணிக்கு ராய்ஸ் புறப்பட்டான். வண்டியின் பின்னால் ஏணி, பக்கத்து இருக்கையில் ஸ்பேனர், புது வாஷர் ஒரு பொட்டலம், சட்டம் உளுத்திருந்தால் முட்டுக் கொடுக்க நாலு தூண். எல்லாம் சரியாகத்தான் எடுத்துப் போனான். எரோல் வீட்டு எதிரே மரத்தடியில் வண்டியை நிறுத்தினான்.

எரோல் டெக்கின் மேல் நின்று கைப்பிடியில் வண்ண விளக்குச் சரம் கட்டிக்கொண்டிருந்தான். வண்டிச் சத்தம் கேட்டுத் திரும்பினான். பார்த்தான். விளக்குச் சரத்தைக் கையில் பிடித்தபடியே கைப்பிடி ஓரம் வந்து நின்றான். தலை முழுக்க வெள்ளை. மெலிந்துவிட்டான்.

ராய்ஸ் கண்ணாடியை இறக்கினான். 'என்ன எரோல்' என்று இரண்டு வார்த்தை போதும். எரோல் 'வாடா ராய்ஸ்' என்றால் போதும். பதினெட்டு வருஷம் பேசாதவன் முதல் வார்த்தையை எங்கிருந்து எடுப்பான்? ராய்ஸ், அவன் சொல்லட்டும் என்று காத்திருந்தான். எரோல், கட்டினவன் இறங்கட்டும் என்று காத்திருந்தான். நோலீன் கடைக்குப் போயிருந்தாள். அவள் இருந்திருந்தால் இரண்டு பேரையும் திட்டியே இறக்கியிருப்பாள். ஒரு ஐந்து நிமிஷம் இருக்கும். எரோல் திரும்பி விளக்கைக் கட்டப் போனான். ராய்ஸ் வண்டியைக் கிளப்பினான்.

காலையில் போகலாம் என்று நினைத்துக்கொண்டான். காலையில், ஆள் எல்லாம் வந்திருப்பார்கள், அவர்கள் முன்னால் எப்படி அடியில் போய் நிற்பது என்று நினைத்துக்கொண்டான். பெரில் கேக் எடுத்துக்கொண்டு தனியாக விருந்துக்குப் போனாள். "நீ வரலியா?" என்றாள். "முறுக்கிட்டியா?" என்று கேட்கவில்லை. வெள்ளிக்கிழமை ஸ்பேனரோடு போனவன் வேலை முடித்திருப்பான் என்றுதான் அவள் நினைத்தாள். ராய்ஸும் சொல்லவில்லை. கடையிலிருந்து திரும்பிய நோலீனும் அண்ணன் வந்து முறுக்கிவிட்டுப் போயிருப்பான் என்றுதான் நினைத்திருப்பாள்.

இரண்டேகால் மணிக்குத் தொலைபேசி அடித்தது. பெரில்.

"ராய்ஸ், வா. உடனே வா."

"விழுந்துடுச்சா?"

"உனக்கெப்படித் தெரியும்?" என்றாள் பெரில்.

"யாருக்கு அடி?"

"எனக்குக் கை ஒடிஞ்சிருக்கு, அது ஒண்ணுமில்ல. நோலீன் கீழ இருந்தா ராய்ஸ். ஐஸ் எடுக்கக் கீழ போனா."

எல்லா வீட்டிலும் போலத்தான். வீட்டுக்கு அடியில், சுவரோரமாக இரண்டாவது பிரிட்ஜ். கேக் வெட்ட எல்லாரும் கதவருகே கூடினார்கள். வெளிப்பக்கத் தூண்கள் அசையவில்லை. சுவர்ப் பக்கம்தான் விட்டது. கதவு திறப்பதுபோல முழுத் தளமும் சாய்ந்து இறங்கிற்று. மேலே நின்றவர்கள் சறுக்கி வந்து குவிந்தார்கள். ஒடிந்த கை, கால், விலா. ஆனால் உயிர் போனது அடியில் குனிந்து ஐஸ் அள்ளிக்கொண்டிருந்தவளுக்கு மட்டும். பலகையில் ஒன்றுகூட முறியவில்லை. அவ்வளவு நல்ல மரம்.

அவளை வெளியே எடுத்துப் போன பிறகு ராய்ஸ் சுவரைப் பார்த்தான். பன்னிரண்டு ஓட்டை. ஒன்றில் விரலை விட்டான். டீயில் ஊறிய பிஸ்கட் மாதிரி மரம் விரலோடு வந்தது. போல்ட்கள் எல்லாம் விழுந்த டெக்கின் சட்டத்திலேயே இருந்தன, நட்டும் வாஷரும் சேர்ந்து. வெளியே தெரிந்த நட்டு ஒன்றை விரலால் திருப்பினான். சுற்றியது.

அடக்கத்தன்று தேவாலயத்துக்கு வெளியே எரோல் அவனிடம் வந்தான். பதினெட்டு வருஷத்துக்குப் பிறகு முதல் வார்த்தை.

"என் ஷெட்லயும் ஒரு ஸ்பேனர் இருந்துச்சு ராய்ஸ்" என்றான். "ஆணில தொங்கிட்டே இருந்துச்சு. தெனம் பாப்பேன்."

ராய்ஸ் அவன் தோளைப் பிடித்தான். இரண்டு கிழவர்களும் அப்படியே நின்றார்கள். அழவில்லை. டேனிகா வந்து இருவரையும் பார்த்தாள். "இப்ப பேசறீங்களா?" என்றாள். "இப்பவா?" அவள் போய் வண்டியில் உட்கார்ந்துகொண்டாள். மாமாவிடம் அவள் அதன்பிறகு பேசவில்லை. இன்றுவரை பேசவில்லை.

அதன்பின் ஆறு வாரம் ராய்ஸ் ஊர் முழுக்கச் சுற்றினான். தான் கட்டிய டெக் மிச்சம் நாற்பதுக்கும் போனான். கதவைத் தட்டி, "அடியில பாக்கணும்" என்பான். விடுவார்கள். ஒவ்வொரு நட்டிலும் ஸ்பேனரை வைத்துப் பார்ப்பான். எல்லாம் இறுக்கம். யாரோ பழைய ஞாபகத்தில் ஏணிக்குப் பக்கத்தில் பீர் வைத்தார்கள். அது வைத்த இடத்திலேயே சூடாகிக் கிடந்தது.

மரண விசாரணை அடுத்த வருஷம் ஜூனில். கட்டட ஆய்வாளரின் அறிக்கை சுருக்கமானது: சுவர்ச் சட்டம் உளுத்துப்போனதால் பிடிப்பு விட்டது, இருபது வருஷப் பழைய அமைப்பு, பராமரிப்பு போதாது. பெயர் எதுவும் இல்லை. பச்சை மரம் வற்றுவது பற்றியோ, இரண்டாவது கோடைக்குப் பிறகு முறுக்குவது பற்றியோ ஒரு வரி இல்லை. அது எந்தப் புத்தகத்திலும் எழுதி அவர்கள் படித்ததில்லை. அது எங்கள் ஊர் வழக்கம், ராய்ஸின் வழக்கம்.

"கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லு" என்றாள் பெரில் காலையில், அவன் டையைக் கட்டிவிட்டபடி. அவள் கை இன்னும் சரியாக மடங்கவில்லை. "நீயா வாயத் தொறக்கலேன்னா ஒருத்தருக்கும் தெரியாது. எரோல் சொல்ல மாட்டான். நான் சொல்ல மாட்டேன்."

"நோலீனுக்குத் தெரியும்" என்றான்.

நக்கெட்டும் நீதிமன்ற வாசலில் நின்றான், ஆக்ஸிஜன் சிலிண்டரை இழுத்துக்கொண்டு. "சங்கத்த உள்ள இழுக்காதடா" என்று சொல்லத்தான் வந்திருப்பான் என்று நினைத்தோம். ஆனால் அவன் சொன்னது வேறு. "தீர்மானத்தச் சொல்லு. என் பேரையும் சொல்லு. பாரத்தப் பங்கு போடு."

ராய்ஸ் சாட்சிக் கூண்டில் ஏறினான். சங்கத்தைச் சொல்லவில்லை, நக்கெட்டைச் சொல்லவில்லை. வழக்கம்போல மூன்று வாக்கியம். "மரம் தாங்குச்சு. பச்ச மரத்துல போட்ட போல்ட்ட ரெண்டு கோடை கழிச்சு இறுக்கணும், அது என் வேல. நான் போகல."

"போக முடியவில்லையா?" என்று கேட்டார் விசாரணை அதிகாரி. நாற்பது வயதுக்குள் இருக்கும் பெண், மெதுவாகப் பேசுகிறவர்.

"போகல."

"முந்தின நாள் நீங்கள் வீட்டு வாசல்வரை போனதாகத் திரு. பிட்குட் சொல்லியிருக்கிறாரே?"

"போனேன்."

"கருவிகளோடு?"

"எல்லாம் வண்டில இருந்துச்சு."

அவர் பேனாவைக் கீழே வைத்தார். முன்வரிசையில் டேனிகா, பக்கத்தில் எரோல், ஒரு இருக்கை விட்டுப் பெரில்.

"திரு. ஸாநோ, பதிவுக்காகக் கேட்கிறேன். அந்தப் பன்னிரண்டையும் முறுக்கி, முட்டும் கொடுக்க உங்களுக்கு எவ்வளவு நேரம் பிடித்திருக்கும்?"

ராய்ஸ் தொழில்காரன், குத்துமதிப்பாகச் சொல்லிப் பழக்கமில்லை. ஏணி தூக்க, தூண் நிறுத்த, ஒவ்வொரு நட்டுக்கும் இரண்டு சுற்று. கண்ணை மூடி ஒவ்வொன்றாகக் கூட்டிப் பார்த்தான்.

"நாப்பது நிமிஷம்" என்றான்.